பொசோலானா என்ற சொல்லின் ஊரில் மூன்று நாட்கள்

முதல் நாள், இரவு

நேப்பிள்ஸ் மத்திய ரயில் நிலையத்தில் ஏறிய மெட்ரோ ரயில், சுரங்கங்களுக்குள் நுழைந்தும் வெளிவந்தும் மேற்கு நோக்கி அரை மணி நேரத்துக்குச் சற்றுக் கூடுதலாக ஓடி, பொட்சுவோலி என்னும் கடலோர ஊரில் எங்களை இறக்கிவிட்டது. இந்தப் பகுதிக்கு வருகிறவர்களில் பெரும்பாலோர் கிழக்கே வெசூவியஸ் எரிமலையையும் பொம்பெயி நகரத்தையும் காணச் செல்கிறார்கள். நானும் என் மனைவியும் மேற்கே வந்ததற்குக் காரணம் ஒரு சிமெண்டு மூட்டை.

கட்டுமானப் பொறியாளராக 31 ஆண்டுகள் வேலை பார்த்தவன் நான். லாரி லாரியாக வந்து இறங்கிய மூட்டைகளின் மேல் அச்சிட்டிருந்த ‘போர்ட்லாண்டு பொசோலானா சிமெண்டு’ என்ற பெயரை எத்தனை ஆயிரம் முறை படித்திருப்பேன் என்று கணக்கில்லை. கொத்தனார் முதல் கடைக்காரர் வரை எல்லோருக்கும் அது பி.பி.சி. தான். போர்ட்லாண்டு என்பது இங்கிலாந்தில் கட்டடக் கல்லுக்குப் பெயர்போன இடம் என்று கல்லூரியில் சொல்லித் தந்தார்கள். பொசோலானா எங்கிருந்து வந்தது என்று அவர்களும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. ரோமானியர் புத்தேயோலி என்று அழைத்த இந்தப் பொட்சுவோலித் துறைமுகத்தின் எரிமலைத் தூளுக்கு, அந்த ஊரின் பெயரே பெயராகி, இன்று நம் ஊர்ச் சிமெண்டு மூட்டை வரை வந்திருக்கிறது என்பதைப் பணி ஓய்வுக்குப் பிறகுதான் அறிந்தேன். அன்றிலிருந்தே இந்த மண்ணைக் கையில் எடுத்துப் பார்க்க வேண்டும் என்ற ஆசை எனக்குள் இருந்தது.

நாங்கள் தங்கியிருக்கும் வீட்டின் வாசற்கதவுக்குப் பக்கத்தில் ஒரு முதுகுப்பை இருக்கிறது. வீட்டுக்கார அம்மையார் அதைக் காட்டி, அடையாள ஆவணங்கள், மருந்து, டார்ச் விளக்கு, ஒரு ஜோடிக் காலணி என்று ஒவ்வொன்றாகச் சொன்னார். நிலம் அதிர்ந்தால் எடுத்துக்கொண்டு இறங்க வேண்டிய பை அது. குடையை எங்கே வைத்திருக்கிறோம் என்று விருந்தாளிக்குச் சொல்வதைப் போலத்தான் சொன்னார்.

இரண்டாம் நாள்

காலை எட்டரை மணிக்கு வேன் வந்தது. பயணிகள் ஒன்பது பேர். வழிகாட்டியாக வந்த பெண்மணி இந்த ஊரிலேயே பிறந்து நிலவியல் படித்தவர். ஊருக்கு மேலே ஒரு திருப்பத்தில் வண்டியை நிறுத்தச் சொல்லி எங்களை இறக்கினார். அழுகிய முட்டையின் நாற்றம் காற்றோடு வந்து மூக்கில் ஏறியது. கீழே, சுண்ணாம்புக் காளவாய் ஆறிக் கிடப்பதைப் போல வெளிறிய ஒரு பள்ளமும், அதன் ஓரங்களிலிருந்து இடைவிடாமல் எழும் நீராவியும் தெரிந்தன. அதுதான் சொல்ஃபதாரா. 2017 செப்டம்பரில் அங்கே குழியில் விழுந்து மூவர் இறந்தபின் பொதுமக்கள் நுழைய முடியாதபடி மூடிவிட்டார்கள்.

“எரிமலை எங்கே?” என்று குழுவில் ஒருவர் கேட்டார். “அதற்குள்தான் நிற்கிறீர்கள்” என்றார் வழிகாட்டி.

இந்த எரிமலையின் பெயர் காம்பி ஃப்ளெக்ரே; எரியும் வயல்கள் என்று பொருள். கூம்பு வடிவ மலையைத் தேடினால் இங்கே கிடைக்காது. சுமார் 40,000 ஆண்டுகளுக்கு முன் ஒரு முறையும், ஏறத்தாழ 15,000 ஆண்டுகளுக்கு முன் மற்றொரு முறையும் பூமிக்கடியிலிருந்த பாறைக்குழம்பு பெருமளவில் வெளியே கொட்டியதால், அதற்கு மேலிருந்த நிலம் தாங்கலின்றி உள்வாங்கி, 12 முதல் 15 கிலோமீட்டர் அகலமுள்ள ஒரு பெருங்கிண்ணமாகிவிட்டது. அதன் தென்பாதி கடலுக்கடியில் இருக்கிறது. வடபாதியில் வீடுகள், பள்ளிகள், ரயில் பாதை, குதிரைப் பந்தயத் திடல் எல்லாம் இருக்கின்றன. ஏறத்தாழ ஐந்து லட்சம் மக்கள் இந்தக் கிண்ணத்துக்குள் வாழ்கிறார்கள். அவர்களுக்காக இந்த நிலத்தின் ஒவ்வொரு அசைவையும் அளந்துகொண்டிருப்பது 1841இல் தொடங்கப்பட்ட வெசூவியஸ் ஆய்வகம். உலகின் முதல் எரிமலை ஆய்வகம் அதுவே.

அங்கிருந்து ஊருக்குள் இறங்கி, கடற்கரைக்கு அருகே தாழ்வான ஒரு தோட்டத்தின் கம்பி வேலி ஓரம் நின்றோம். உள்ளே ரோமானியரின் சந்தை இருந்த இடம். 1750இல் தோண்டியபோது செராப்பிஸ் என்ற தெய்வத்தின் சிலை அகப்பட்டதால் கோயில் என்று எண்ணிச் செராப்பிஸ் கோயில் என்றே பெயரிட்டுவிட்டார்கள். சந்தை என்பது பின்னரே தெளிவாயிற்று. அதன் நடுவே பச்சை வரியோடிய பளிங்குத் தூண்கள் மூன்று, நாற்பதடிக்கும் மேற்பட்ட உயரத்தில், ஒவ்வொன்றும் ஒரே கல்லாக நிற்கின்றன.

அடியிலிருந்து சுமார் 12 அடி வரை தூண் வழவழப்பாக இருக்கிறது. அதற்கு மேல் 9 அடி உயரத்துக்குக் கறுத்த ஒரு பட்டை. உற்றுப் பார்த்தால் விரல் நுழையும் அளவிலான துளைகள் நெருக்கமாகத் தெரிகின்றன. அதற்கு மேலே மறுபடியும் வழவழப்பு. கல்லைத் துளைத்து வாழும் ஒரு வகைக் கடற்சிப்பி போட்ட துளைகள் அவை. அது கடல்நீரில் மட்டுமே வாழக்கூடியது. அப்படியானால் கரையில் நட்ட தூண் ஒரு காலத்தில் இருபதடி ஆழத்துக்கும் மேலாகக் கடலில் முழுகியிருக்கிறது. அடிப்பகுதியை மண் மூடியிருந்ததால் சிப்பி அங்கே தொடவில்லை. பிறகு தூண் சாயாமலேயே நிலம் மேலெழுந்து அதை வெளியே கொண்டுவந்திருக்கிறது. நிலவியலாளர் சார்ல்ஸ் லயல் 1830இல் வெளியிட்ட தம் நூலின் முகப்புப் படமாக இந்த மூன்று தூண்களை வைத்தார். கடல்மட்டம் ஏறவில்லை, நிலமே தாழ்ந்தும் உயர்ந்தும் இருக்கிறது என்பதற்கு அவருக்கு இதைவிட நல்ல சான்று வேண்டியிருக்கவில்லை. கட்டட வேலையில் மட்டம் பார்ப்பதற்கு அளவுக்கோலை நிறுத்திப் பிடிப்போமே, அதைப் போல இரண்டாயிரம் ஆண்டுக் கணக்கு குறித்த ஒரு கோல் என் கண்முன் நின்றது. நான் நகரவே மனமில்லாமல் நின்றதைப் பார்த்து வழிகாட்டி குழுவினரைச் சற்று நேரம் காத்திருக்கச் சொன்னார்.

இந்த ஏற்ற இறக்கத்துக்கு மெதுவான அசைவு என்று பொருள்படும் ஒரு கிரேக்கச் சொல்லால் பிராடிசிசம் என்று பெயர். 1969 முதல் 1972 வரையிலும் 1982 முதல் 1984 வரையிலும் நடந்த இரண்டு எழுச்சிகளில் ஊர் மூன்றரை மீட்டர் உயர்ந்தது. 1970 மார்ச் 2ஆம் தேதி, பழைய ஊரான ரியோனே தெர்ரா குன்றிலிருந்து ஏறத்தாழ 3,000 பேரைப் படையினர் ஒரே மூச்சாக வெளியேற்றினார்கள். வழிகாட்டியின் தாயார் அன்று எட்டு வயதுச் சிறுமி. அடுப்பில் வைத்த பாத்திரத்தை இறக்கிவைக்கக்கூட பாட்டிக்கு நேரம் தரவில்லை என்று அவர் இன்றும் சொல்வாராம். அந்த மக்கள் தம் வீடுகளுக்குத் திரும்பவேயில்லை. 2005 முதல் நிலம் மறுபடியும் எழுந்துகொண்டிருக்கிறது. இதுவரை ஏறத்தாழ ஒன்றரை மீட்டர். சந்தைக்கு அருகிலுள்ள சிறு படகுத்துறைக்குச் சென்று பார்த்தோம். கடல் வற்றிப்போனதைப் போலத் தரை வெளித்தெரிய, மீன்பிடி படகுகள் சில சேற்றில் ஒருச்சாய்ந்து கிடந்தன. படகு கட்டும் இரும்பு வளையங்கள் ஆள் எட்டாத உயரத்துக்குப் போய்விட்டன. 2025 ஜூன் 30ஆம் தேதி 4.6 அளவில் ஒரு நிலநடுக்கம் வந்தது. இந்த ஊரில் எரிமலை என்பது நிகழ்காலத்தில் பேசப்படும் ஒன்று.

அடுத்தது ஃப்ளேவியன் அரங்கம். இத்தாலியில் ரோம், காப்புவா அரங்கங்களுக்கு அடுத்த மூன்றாவது பெரிய அரங்கம் இது; சுமார் 40,000 பேர் அமர்ந்திருக்கலாம் என்பது மதிப்பீடு. மேலே படிவரிசைகள் சிதைந்து புல் மண்டிக் கிடக்க, தரைக்கடியில் இருக்கும் சுரங்கக் கூடங்களோ அப்படியே இருக்கின்றன. விலங்குகளை அடைத்து வைத்து, கூண்டோடு மேலே தூக்கிவிடுவதற்கான சதுரத் திறப்புகளின் வழியே வெளிச்சம் வரிசையாக விழுகிறது. அங்கே கொல்லப்பட்ட உயிர்களை நினைத்து என் மனைவி கொஞ்ச நேரத்தில் மேலே ஏறிவிட்டாள். நான் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

சுவரின் முகம் மீன்வலையைப் போல இருந்தது. உள்ளங்கையைவிடச் சிறிய சதுரக் கற்களை மூலை மேலே வருமாறு சாய்த்துச் சாய்த்துப் பதித்திருக்கிறார்கள். ஒரு கல் உதிர்ந்த இடத்தில் விரலை விட்டுப் பார்த்தேன்; கல் உள்ளே போகப் போக ஆணியைப் போலக் கூராகிக் கலவைக்குள் ஊன்றியிருந்தது. அதன் பின்னால் இருப்பதுதான் சுவர்: சுண்ணாம்பு, எரிமலைத் தூள், கை அளவு கல் துண்டுகள். தூள் செம்பழுப்பாகவும், இடையிடையே சரியாகக் கரையாத சுண்ணாம்புக் கட்டிகள் வெள்ளைப் புள்ளிகளாகவும் தெரிந்தன. கூரை வளைவில் நீளவாக்கில் ஓடிய மெல்லிய வரிகள் எனக்குச் சென்ட்ரிங் பலகையின் அச்சாகவே பட்டன.

இதில் என்ன அதிசயம் என்று கேட்பவர்களுக்குக் கொஞ்சம் விளக்க வேண்டும். வெறும் சுண்ணாம்புக் காரை காற்றிலுள்ள கரியமில வாயுவை உறிஞ்சித்தான் இறுகும். தண்ணீருக்கடியில் அது இறுகாது. எரிமலைத் தூளில் இருக்கும் சிலிக்காவும் அலுமினாவும் சுண்ணாம்போடும் நீரோடும் வினைபுரிந்து புதியதொரு பசையை உண்டாக்குகின்றன. அதற்குக் காற்று தேவையில்லை, நீரே போதும். கி.மு. முதல் நூற்றாண்டில் ரோமானியக் கட்டடக் கலைஞர் விட்ரூவியஸ், பக்கத்திலுள்ள பாயா வட்டாரத்தில் கிடைக்கும் இந்தத் தூளைப் பற்றி எழுதி, கடலுக்குள் கட்டும் வேலைக்கு இரண்டு பங்கு தூளும் ஒரு பங்கு சுண்ணாம்பும் என்று கலவை விகிதத்தையும் தந்திருக்கிறார். ஏரோது மன்னர் பாலஸ்தீனக் கரையில் செசரியா துறைமுகத்தைக் கட்டியபோது இந்த வளைகுடாவின் தூளைக் கப்பலேற்றி அங்கே கொண்டுபோனார்கள். எரிமலை இல்லாத நம் ஊரில் செங்கல்லைப் பொடித்துச் சுர்க்கி செய்து சுண்ணாம்போடு சேர்த்தார்கள். 1895இல் முடிந்த முல்லைப் பெரியாறு அணை அப்படி எழுந்ததுதான். இன்றைய பி.பி.சி.யில் அனல்மின் நிலையச் சாம்பல் அந்த வேலையைச் செய்கிறது, ஐ.எஸ். 1489 தரவரையறை 15 முதல் 35 சதவீதம் வரை அதை அனுமதிக்கிறது. தளத்தில் எத்தனையோ முறை, “சாம்பல் கலந்த சிமெண்டா?” என்று வீட்டுக்காரர்கள் முகம் சுளித்து, அதைக் கலப்படம் என்று நினைத்திருக்கிறார்கள். அவர்கள் ஒவ்வொருவரையும் இந்தச் சுவரின் முன் கொண்டுவந்து நிறுத்த எனக்கு ஆசையாக இருந்தது.

மதிய உணவு உருளைக்கிழங்கும் புகையூட்டிய பாலாடைக்கட்டியும் சேர்த்து வேகவைத்த பாஸ்தா. வயிறு நிறைந்தது.

பிறகு அவெர்னோ ஏரி. எரிமலை வாய் ஒன்றில் நீர் தேங்கி உண்டானது; பறவை பறக்காத இடம் என்ற பொருளில் பெயர் பெற்று, பாதாள உலகின் வாசலாகப் பழங்காலத்தார் நம்பியது. இப்போது நாமக்கோழிகள் நீந்திக்கொண்டிருந்தன. கி.மு. 37இல் ரோமானியத் தளபதி அக்ரிப்பா இந்த ஏரியைக் கால்வாய் வெட்டிக் கடலோடு இணைத்துப் போர்க்கப்பல் துறை அமைத்தார். கரைச் சரிவிலுள்ள திராட்சைக் கொடிகள் ஒட்டுப் போடாமல் சொந்த வேரிலேயே வளர்கின்றன. ஐரோப்பியத் திராட்சைத் தோட்டங்களை அழித்த வேர்ப்பூச்சிக்கு இந்த எரிமலை மணல் ஆகாது. ஏரிக்கு மறுபுறம் மரம் அடர்ந்த ஒரு குன்றைக் காட்டினார் வழிகாட்டி. மொன்டே நுவோவோ, புதிய மலை. 1538 செப்டம்பர் இறுதியில் நிலம் வெடித்து ஒரு வாரத்தில் 130 மீட்டருக்கும் மேலாக உயர்ந்த மலை. திரிபெர்கோலே என்ற கிராமம் அதற்கடியில் போயிற்று. காம்பி ஃப்ளெக்ரேயின் கடைசி வெடிப்பு அதுதான்.

பாயாவுக்குப் போய்ச் சேர்ந்தபோது வெயில் தணிந்திருந்தது. ரோமானியச் செல்வர்களும் பேரரசர்களும் வெந்நீர் ஊற்றுகளுக்காக மாளிகை கட்டிய ஊர் இது, பேரரசர் ஹேட்ரியன் கி.பி. 138இல் உயிர் நீத்ததும் இங்கேதான். மலைச்சரிவில் அடுக்கடுக்காக இறங்கும் குளியல் மண்டபங்களில் மெர்க்குரி கோயில் என்று தவறாகப் பெயர் பெற்ற ஒரு வட்ட மண்டபம் இருக்கிறது. நிலம் தாழ்ந்ததால் பாதி உயரத்துக்கு மண்ணும் அதன்மேல் நீரும் நிரம்பியிருக்க, மரப்பாலத்தின் வழியே உள்ளே சென்றோம். தலைக்கு மேலே குவிமாடம். 21.5 மீட்டர் விட்டம், உச்சியில் வட்டமான ஒரு திறப்பு. ரோம் நகரின் பாந்தியன் கோயிலைவிட நூறாண்டுகளுக்கும் மேல் மூத்தது. இந்த அளவில் இன்று நமக்கு எஞ்சியிருக்கும் கலவைக் குவிமாடங்களில் இதுவே பழமையானது. உச்சித் திறப்பின் வழியே விழுந்த ஒளி நீரில் பட்டு, குவிமாடத்தின் உள்வளைவில் நடுங்கிக்கொண்டிருந்தது. இரும்புக் கம்பி ஒன்றுகூட இல்லாத கூரை. நில நடுக்கங்களையும், நிலம் இறங்கியதையும் ஏறியதையும் தாங்கிக்கொண்டு நிற்கிறது. வாய்விட்டு ஏதோ சொல்லிவிட்டேன் போலும். என் குரல் வளைவில் சுற்றி என் காதுக்கே பல முறை திரும்பி வந்தது. பக்கத்து மண்டபத்தின் கூரையிலிருந்து ஓர் அத்திமரம் தலைகீழாகத் தொங்கி வளர்ந்திருப்பதை மற்றவர்கள் படம் எடுத்தார்கள். நான் குவிமாடத்துக்கே திரும்பிவிட்டேன்.

கடைசியாக மிசேனோ முனை. ரோமானியக் கடற்படைக்குக் குடிநீர் சேமித்த பிஷீனா மிராபிலிஸ் என்னும் நீர்த்தொட்டிக்குள் இறங்கினோம்: 70 மீட்டர் நீளம், 15 மீட்டர் உயரம், 48 தூண்கள். கோயில் பிராகாரத்தில் நிற்பதைப் போன்ற அமைதி. இந்தக் கடற்படையின் தளபதியாக இருந்தவர் மூத்த பிளினி. கி.பி. 79இல் வெசூவியஸ் வெடித்தபோது, இங்கிருந்து கப்பலெடுத்து மக்களைக் காப்பாற்றச் சென்று, மறு கரையில் இறந்துபோனார். முசிறித் துறைமுகத்தையும் பாண்டியனையும் அவனது மதுரையையும் குறிப்பிட்டு, கருமிளகு ஒரு ராத்தல் நான்கு தினாரியஸ் வெள்ளிக்காசு என்று விலையும் எழுதிவைத்தவர் இவர்தான். யவனர் பொன்னோடு வந்து மிளகோடு திரும்புவதை முசிறித் துறையில் நின்று அகநானூறு பாடியது. அந்தக் கணக்கின் மறுபக்கத்தை எழுதியவர் இந்த முனையிலிருந்து புறப்பட்டார். புத்தேயோலியின் தூள் கடல்நீரில் கல்லாகி நாளுக்கு நாள் வலுக்கிறது என்று எழுதியவரும் அவரே. மிளகும் பொசோலானாவும் ஒரே நூலில் இருக்கின்றன.

திரும்பும் வழியில், நான் காலையிலிருந்து சிமெண்டைப் பற்றியே கேட்டுக்கொண்டிருந்ததால், வழிகாட்டி என் பக்கத்து இருக்கையில் வந்து அமர்ந்து ஒரு செய்தி சொன்னார். 1982க்கும் 1984க்கும் இடையில் நிலம் இரண்டு மீட்டருக்குச் சற்றுக் குறைவாக எழுந்தும், பாறை ஏன் தொடக்கத்திலேயே வெடித்துப் பிளக்கவில்லை என்பது நெடுநாள் புதிராக இருந்ததாம். ஆழ்துளைகளிலிருந்து எடுத்த பாறை மாதிரிகளை ஆராய்ந்து 2015இல் வெளியிட்ட ஓர் ஆய்வு, எரிமலையின் மேல்மூடியாக இருக்கும் பாறையில், ரோமானியக் கலவையில் காணப்படுவதைப் போன்ற நார் நாரான கனிமங்கள் பின்னிக் கிடப்பதைக் கண்டறிந்தது. ஆழத்திலுள்ள சுண்ணப் பாறைகள் வெந்து, வெந்நீரோடு மேலேறி, எரிமலைச் சாம்பலோடு வினைபுரிந்திருக்கின்றன. அதாவது, இந்த ஊரின் அடியில் தானாகவே கலந்து தானாகவே நீரில் ஊறி இறுகிய ஒரு கான்கிரீட் மூடி இருக்கிறது. அந்த மூடி வளைந்து கொடுக்கிறது. ரோமானியக் கொத்தனார்கள் கரையில் நின்று செய்த அதே வேலையை பூமி அவர்களுக்கு முன்பே கீழே செய்துவைத்திருக்கிறது. இதைக் கேட்டபின் நான் வெகுநேரம் பேசவில்லை.

மூன்றாம் நாள்

விடியற்காலை கட்டில் ஒரு முறை உதறியது. அலமாரியிலிருந்த கண்ணாடிக் குவளைகள் கிணுகிணுத்தன. லாரி மோதியதைப் போன்ற ஓசை, இரண்டு விநாடி இருக்கும். கூடத்துக்கு வந்தபோது வீட்டுக்கார அம்மையார் வாசற்பைக்கு அருகே நின்று கைப்பேசியைப் பார்த்துக்கொண்டிருந்தார். நிலநடுக்கத்தின் அளவு இரண்டு என்று விரலால் காட்டினார். பிறகு எங்கள் இருவரையும் உட்காரச் சொல்லிக் காப்பி வைத்தார். குவளையை நீட்டிய அவர் கை நடுங்கவில்லை. கண்கள் மட்டும் கொஞ்ச நேரம் கூரையின் ஓரத்திலேயே இருந்தன. எங்களுக்கு இது ஒரு காலை. அவருக்கு எத்தனை காலைகளோ.

பகலில் பாயாவின் துறையிலிருந்து, அடியில் கண்ணாடி பதித்த படகில் ஏறினோம். ரோமானியர் காலத்துக் கரை இன்று கடலுக்குள் இருக்கிறது. 2002 முதல் அது பாதுகாக்கப்பட்ட நீரடித் தொல்லியல் பூங்கா. ஐந்து மீட்டர் ஆழத்தில் கிளாடியஸ் பேரரசரின் விருந்து மண்டபத்தைக் கடந்தோம். மூலச் சிலைகளை அருங்காட்சியகத்துக்கு எடுத்துச் சென்று, அவற்றின் இடத்தில் நிறுத்தியிருக்கும் படிவங்களின் தோள்களில் பாசி படர்ந்திருந்தது. பிறகு படகு அக்ரிப்பாவின் துறைமுகத்துக்கு மேலே வந்து இயந்திரத்தை நிறுத்தியது.

கண்ணாடியின் மேல் குனிந்து படுத்துப் பார்த்தேன். கலங்கல் தெளியத் தெளிய, கிடங்குகளின் சுவர்கள் அறை அறையாகத் தெரிந்தன. மணலும் கடற்புல்லும் விலகிய ஓரிடத்தில் அதே மீன்வலைக் கற்கள், மூலை மேலே வருமாறு, வரிசை பிறழாமல் இருந்தன. நேற்று அரங்கத்தில் விரலை விட்டுப் பார்த்ததைப் போல ஒரு கல் உதிர்ந்த குழியில் சிறிய மீன் ஒன்று நுழைந்து வெளியேறியது. அது அசைத்த மணல் ஒதுங்கியபோது, பழுப்புக் கலவையின் நடுவே சுண்ணாம்புக் கட்டி ஒன்று நக அளவுக்கு வெள்ளையாகத் தெரிந்தது. என் மனைவியைக் கூப்பிட்டுக் காட்டினேன்.